இரண்டு கூடைக் கணக்கு: தெரியாத இரண்டு எண்களைக் கண்டுபிடிக்கும் வழி

ராமநாதபுரம் மாவட்டத்தில் மண்டபம் என்ற ஊர்ப் பக்கம் ஒரு கடற்கரை ஊரில் சாயங்காலம் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். வலை பின்னும் கூடம்தான் வகுப்பறை. ஆறாவது படிக்கும் ஒரு பெண்ணுக்குப் போன வருஷம் இந்தக் கணக்கைக் கொடுத்தேன்:

இரண்டு கூடைகளிலும் சேர்த்து 46 கிலோ நகரை மீன் இருக்கிறது. இரண்டாவது கூடையைவிட முதல் கூடையில் 8 கிலோ அதிகம். ஒவ்வொரு கூடையிலும் எவ்வளவு?

அவள் கொஞ்சமும் தயங்கவில்லை. 46-ஐ இரண்டாகப் பிரித்தாள், 23. ஒன்றில் 8 கூட்டி 31 என்று எழுதினாள். மற்றதில் 8 கழித்து 15 என்று எழுதினாள். "31-ம் 15-ம் 46. சரியா வந்துருச்சு சார்" என்று நோட்டை நீட்டினாள்.

கூட்டுத்தொகை சரிதான். ஆனால் 31-க்கும் 15-க்கும் வித்தியாசம் 16 ஆகிறதே! கணக்கில் சொன்னது 8. நான் வாயைத் திறப்பதற்குள், பேத்தியைக் கூட்டிப்போக வந்து வாசலில் நின்றிருந்த அப்பத்தா முந்திக்கொண்டார். கரையில் ஏலத்துக்கு மீன் எடுத்து, தெருத்தெருவாகக் கொண்டுபோய் விற்பவர். கையெழுத்துப் போடுவதோடு அவருடைய படிப்பு முடிந்தது.

"கூட இருக்குற எட்டுக் கிலோவ மொதல்ல இங்கிட்டு எடுத்து வையித்தா. இப்ப ரெண்டு கூடையும் ஒண்ணுதானே? ரெண்டாப் பிரி. அப்புறம் எடுத்தத எடுத்த கூடையிலயே போடு."

46-இல் 8 போனால் 38. பாதி 19. எடுத்த 8-ஐத் திருப்பிப் போட்டால் 27. விடை 27, 19.

தெரியாத இரண்டு எண்கள் வரும் கணக்குகளில் பெரும்பாலானவற்றுக்கு அப்பத்தா சொன்னதுதான் வழி. முதலில் இரண்டையும் சமமாக்க வேண்டும். அதை எப்படி எல்லாம் செய்யலாம் என்று எழுதுகிறேன். பிள்ளையின் வீட்டுப்பாடத்தோடு உட்காரும் அம்மா அப்பாவுக்கும், தம்பி தங்கைக்குச் சொல்லிக்கொடுக்கும் அக்காமாருக்கும், புதிதாக டியூஷன் எடுக்கத் தொடங்கியவர்களுக்கும் உதவும். கூட்டல், கழித்தல், பெருக்கல், வகுத்தல் தெரிந்தால் போதும்.

பென்சிலைக் கீழே வைத்துவிட்டுப் படிக்கவும்

பிள்ளைகள் கணக்கைப் படிப்பதில்லை. அதில் உள்ள எண்களைப் பொறுக்குகிறார்கள். 46, 8 என்று இரண்டு எண்கள் கையில் சிக்கியதும் கூட்டவோ கழிக்கவோ ஆரம்பித்துவிடுவார்கள். அதனால் முதல் தடவை படிக்கும்போது பென்சில் கையில் இருக்கக் கூடாது. படித்து முடித்ததும் ஒரே கேள்வி கேளுங்கள்: "நமக்குத் தெரியாதது எது எது?"

"கூடை" என்று பதில் வந்தால் விடாதீர்கள். கூடை தெரியாததில்லை, கண்ணுக்கு முன்னால் இருக்கிறது. தெரியாதது முதல் கூடை மீனின் எடை, இரண்டாவது கூடை மீனின் எடை, இரண்டும் கிலோவில். நோட்டில் இந்த இரண்டு வரியையும் முழுசாக எழுதச் சொல்லுங்கள். ஒரு நிமிஷம் போகும், பரவாயில்லை.

"விட" எதில் ஒட்டியிருக்கிறது?

பிள்ளைகள் அதிகம் சறுக்குவது கணக்கில் இல்லை, தமிழில்தான். இந்த மூன்று வாக்கியங்களையும் பாருங்கள்:

ராணியைவிட முருகனிடம் 8 சங்கு அதிகம்.
முருகனிடம் ராணியைவிட 8 சங்கு அதிகம்.
ராணியிடம் முருகனைவிட 8 சங்கு குறைவு.

மூன்றும் சொல்வது ஒன்றே: முருகனிடம்தான் கூடுதல். ஆனால் பல பிள்ளைகள், முதலில் எந்தப் பெயர் வருகிறதோ அவரிடம்தான் அதிகம் என்று எடுத்துக்கொள்கிறார்கள். "குறைவு" என்று பார்த்தவுடன் கண்ணை மூடிக்கொண்டு கழிப்பவர்களும் உண்டு.

நான் சொல்லிக்கொடுப்பது இது. "விட" யார் பெயரோடு ஒட்டியிருக்கிறதோ அவர் அளவுகோல். அவர் பக்கத்தில் மற்றவரை நிறுத்திப் பார்க்கிறோம், அவ்வளவுதான். "தூணைவிட அண்ணன் உயரம்" என்றால் உயரமானவர் யார்? இதில் ஒரு பிள்ளையும் தடுமாறாது. அதே காதோடு கணக்கையும் கேட்கச் சொல்லுங்கள்.

"மடங்கு" இன்னும் வழுக்கும். "ராணியைப் போல் மூன்று மடங்கு" என்றால் குழப்பம் இல்லை, ராணியிடம் 5 இருந்தால் இவரிடம் 15. "மூன்று மடங்கு அதிகம்" என்று எழுதினால் 15 என்பாரும் உண்டு, 20 என்பாரும் உண்டு. நீங்களே கணக்கு எழுதினால் அந்தச் சொற்றொடரைத் தவிர்த்துவிடுங்கள்.

கோடு போடவும்

அளவுகோலாக இருப்பவருக்கு ஒரு கோடு. அதற்கு நேர் கீழே அதே நீளத்தில் மற்றவருக்கு ஒரு கோடு, கூடுதல் இருந்தால் அதன் நுனியில் ஒட்டாக ஒரு துண்டு.

இரண்டாவது கூடை: |————|
முதல் கூடை: |————|—8—|
இரண்டும் சேர்த்து 46

தரையில் சுண்ணாம்புக் கட்டியால் போடலாம், ஈர மணலில் குச்சியால் போடலாம். நீளம் அளந்து போட வேண்டாம். இரண்டு கோடும் ஒரே இடத்தில் தொடங்க வேண்டும், அது மட்டும் முக்கியம். ஒட்டுத் துண்டை விரலால் மறைத்தால் இரண்டு சமமான கோடுகள் மிஞ்சும். அப்பத்தா கூடையிலிருந்து எடுத்து வைக்கச் சொன்னது இந்தத் துண்டைத்தான்.

துண்டை எடுக்காமல் பாதியாகப் பிரித்தும் செய்யலாம். 46-இல் பாதி 23. வித்தியாசம் 8-இல் பாதி 4. 23-உடன் 4 சேர்த்தால் 27, 23-இல் 4 குறைத்தால் 19. அந்தப் பெண் இந்த வழியில்தான் போனாள், ஆனால் 4-க்குப் பதிலாக 8-ஐப் போட்டாள். சமமாக இருக்கும் இரண்டு கூடைகளில் ஒன்றிலிருந்து 8 கிலோவை எடுத்து மற்றதில் போட்டால், இங்கே 8 குறையும், அங்கே 8 கூடும். வித்தியாசம் 16 ஆகிவிடும். இதை மனசில் வைத்துக்கொள்ளுங்கள், இரண்டு இடத்தில் திரும்ப வரும்.

இரண்டு வாக்கியம், இரண்டு சோதனை

விடை வந்ததும் கணக்கின் ஒவ்வொரு வாக்கியத்தோடும் பொருத்திப் பார்க்க வேண்டும். 27 + 19 = 46, சரி. 27 − 19 = 8, சரி. ஒன்றை மட்டும் பார்த்து டிக் போட்டால் 31, 15 மாதிரி ஆள் மாறி உள்ளே வந்துவிடும்.

மடங்கு வந்தால் பங்கை எண்ணவும்

தாயும் மகளும் சேர்ந்து 48 கிலோ கடல்பாசி எடுத்தார்கள். மகள் எடுத்ததைப் போல் மூன்று மடங்கு தாய் எடுத்தார்.

48-ஐ 3-ஆல் வகுத்து 16 என்பார்கள். கோடு போட்டால் தெரிந்துவிடும்: மகளுக்கு ஒரு கோடு, தாய்க்கு அதே மாதிரி மூன்று. மொத்தம் நான்கு. 48 ÷ 4 = 12. மகள் 12, தாய் 36. கடற்கரையில் பங்கு பிரிப்பதைப் பார்த்து வளரும் பிள்ளைகளுக்கு "மொத்தம் எத்தனை பங்கு?" என்று கேட்டாலே போதும்.

"மூன்று மடங்கைவிட 4 கிலோ அதிகம், மொத்தம் 52" என்று வந்தால் பயப்பட வேண்டாம். அந்த 4-ஐ முதலில் ஓரமாக எடுத்து வைத்தால் பழைய 48 வந்துவிடும். மகள் 12, தாய் 40.

இனி மொத்தம் தெரியாமல், வித்தியாசமும் மடங்கும் மட்டும் தெரியும் கணக்கு. வயதுக் கணக்கில் பலதும் இந்த வகைதான். இதற்குப் பாம்பனைவிட நல்ல உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை. பழைய ரயில் பாலம் திறந்தது 1914. பக்கத்தில் இருக்கும் சாலைப் பாலம் திறந்தது 1988. ரயில் பாலத்தின் வயது எந்த வருஷத்தில் சாலைப் பாலத்தின் வயதைப் போல் சரியாக மூன்று மடங்கு?

வயதுக் கணக்கில் பிடித்துக்கொள்ள வேண்டிய தூண் ஒன்று உண்டு: இருவருக்கும் வருஷம் ஒன்றாகவே ஏறும், ஆகவே வித்தியாசம் மாறாது. இங்கே அது 1988 − 1914 = 74. சாலைப் பாலத்துக்கு ஒரு கோடு, ரயில் பாலத்துக்கு மூன்று கோடு. கூடுதலாக நிற்பது இரண்டு கோடு, அதுதான் 74. ஒரு கோடு 37. சாலைப் பாலத்துக்கு 37 வயது ஆனது 1988 + 37 = 2025. அந்த வருஷம் ரயில் பாலத்துக்கு 111 வயது. 37 × 3 = 111, பொருந்துகிறது.

2025 ஏப்ரல் 6 அன்றுதான் புதிய ரயில் பாலத்தைத் திறந்தார்கள். பழைய பாலத்தில் 2022 டிசம்பரிலேயே ரயிலை நிறுத்திவிட்டார்கள். வகுப்பில் இந்த விடை வந்தபோது பிள்ளைகள் போட்ட சத்தம் கடல் வரைக்கும் கேட்டிருக்கும். இரண்டு மடங்கு ஆகப்போவது எப்போது என்று அவர்களே கண்டுபிடித்தார்கள்: 2062. அப்போது தங்களுக்கு என்ன வயது என்று ஆளுக்கு ஆள் எண்ணத் தொடங்கியதில் அன்றைய பாடம் அதோடு முடிந்தது.

"கொடுத்தால் சமம்"

முருகன் ராணிக்கு 6 சங்கு கொடுத்தால் இருவரிடமும் சமமாக இருக்கும். இருவரிடமும் சேர்த்து 40 சங்கு. முதலில் யாரிடம் எவ்வளவு?

வித்தியாசம் 6 என்று பெரியவர்களே சொல்லிவிடுவார்கள். வாயால் விளக்குவதைவிட, சங்கையோ புளியங்கொட்டையையோ தரையில் பரப்பி நகர்த்திக் காட்டுங்கள். முருகனிடமிருந்து 6 போகிறது, ராணியிடம் 6 வருகிறது. கூடையில் பார்த்த அதே சங்கதி: இடம் மாறும் பொருள் இரண்டு தடவை கணக்காகிறது. வித்தியாசம் 12. அப்புறம் வழக்கம்போல 40 − 12 = 28, பாதி 14. ராணியிடம் 14, முருகனிடம் 26. 6 கைமாறினால் 20-க்கு 20.

சொந்தமாகக் கணக்கு எழுதுபவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. வகுப்பில் ஒருநாள் அவசரத்தில் "மொத்தம் 25 சங்கு, வித்தியாசம் 8" என்று பலகையில் எழுதிவிட்டேன். ஒரு பையன் போட்டுப் பார்த்துவிட்டு, "எட்டரைச் சங்கு வருது சார். ஒண்ணு உடைஞ்ச சங்கா?" என்று கேட்டான். அதற்குப் பிறகு ஜாக்கிரதையாக இருக்கிறேன். முழு எண் விடை வேண்டுமென்றால் மொத்தமும் வித்தியாசமும் இரண்டும் ஒற்றைப்படையாக இருக்க வேண்டும், அல்லது இரண்டும் இரட்டைப்படையாக இருக்க வேண்டும். கிலோ, லிட்டர் என்றால் எட்டரை வந்தாலும் குற்றமில்லை. சங்கு, ஆள், படகு என்றால் வரக்கூடாது.

எல்லாமே மூன்று கண் என்று வைத்துக்கொள்வோம்

சாயல்குடிப் பக்கம் பனை அதிகம். நுங்கு சீசனில் இந்தக் கணக்கைப் போடாமல் நான் விடுவதில்லை. பனங்காயை வெட்டினால் பெரும்பாலும் மூன்று கண் இருக்கும், சிலதில் இரண்டுதான்.

30 காய் வெட்டியதில் மொத்தம் 82 நுங்கு. மூன்று கண் காய் எத்தனை, இரண்டு கண் காய் எத்தனை?

இங்கே வித்தியாசமும் தெரியாது, மடங்கும் தெரியாது. துண்டை எடுத்து வைக்க வழியில்லை. அதனால் வேறு விதமாகச் சமமாக்குகிறோம்: 30 காயும் ஒரே சாதி, எல்லாமே மூன்று கண் என்று பொய்யாக வைத்துக்கொள்கிறோம். அப்படியானால் 90 நுங்கு வந்திருக்க வேண்டும். வந்தது 82. எட்டு குறைகிறது. ஏன் குறைகிறது? ஒவ்வொரு இரண்டு கண் காயும் ஒரு நுங்கை ஏமாற்றியிருக்கிறது. அப்படி ஏமாற்றியவை 8. மீதி 22 காய் மூன்று கண்.

சோதனை: 22 × 3 = 66, 8 × 2 = 16, மொத்தம் 82.

"பொய்யாக வைத்துக்கொள்" என்ற இடத்தில் சில பிள்ளைகள் முரண்டு பிடிப்பார்கள். "எல்லாம் மூணு கண் இல்லையே சார்" என்பார்கள். அவர்களிடம் வாதாடாமல், 30 வட்டம் போட்டு ஒவ்வொன்றிலும் மூன்று புள்ளி வைக்கச் சொல்வேன். பிறகு எட்டு புள்ளிகளை அழிக்க வேண்டும், ஒரு வட்டத்தில் ஒன்றுக்கு மேல் அழிக்கக் கூடாது. அழித்து முடிக்கும்போது விடை அவர்கள் நோட்டிலேயே இருக்கும்.

இதே கணக்கைக் கணவாய் மீனில் போடலாம். ஊசிக்கணவாய்க்குக் (ஸ்க்விட்) கை பத்து, பேய்க்கணவாய்க்கு (ஆக்டோபஸ்) எட்டு. ஒரு கூடையில் 20 தலை, 176 கை. எல்லாம் பேய்க்கணவாய் என்றால் 160 கைதான், 16 மிஞ்சுகிறது. இங்கே கவனம்: ஒரு ஊசிக்கணவாய்க்குக் கூடுதல் இரண்டு கை, ஆகவே 16-ஐ 2-ஆல் வகுக்க வேண்டும். ஊசிக்கணவாய் 8, பேய்க்கணவாய் 12. நுங்கில் வித்தியாசம் ஒன்று என்பதால் வகுக்கும் படி தானாக மறைந்திருந்தது. அதனால் நுங்கோடு நிறுத்தாமல் கணவாயையும் சேர்த்துக் கொடுங்கள். சீனத்தில் சுமார் 1500 வருஷத்துக்கு முன்பே இதைக் கோழி, முயல் வைத்துப் போட்டிருக்கிறார்கள்: ஒரு கூண்டில் 35 தலை, 94 கால். அங்கே விடை கோழி 23, முயல் 12.

படகும் நீரோட்டமும்

கொஞ்சம் பெரிய பிள்ளைகளுக்கு. ஒரு வல்லம் 24 கிலோமீட்டரை நீரோட்டத்தோடு 2 மணி நேரத்தில் போகிறது, நீரோட்டத்துக்கு எதிராக 3 மணி நேரத்தில் திரும்புகிறது. இயந்திரம் ஒரே ஓட்டம்தான். ஓட்டமில்லாத தண்ணீரில் வல்லத்தின் வேகம் என்ன, நீரோட்டத்தின் வேகம் என்ன?

போகும்போது மணிக்கு 12 கிலோமீட்டர், வரும்போது 8. வித்தியாசம் 4, ஆகவே நீரோட்டம் 4 என்று சொல்லத் தோன்றும். பொறுங்கள். போகும்போது நீரோட்டம் கூட்டிக்கொடுத்தது, வரும்போது பிடித்து இழுத்தது. இரண்டு தடவை கணக்காகிவிட்டது. நீரோட்டம் மணிக்கு 2 கிலோமீட்டர், வல்லம் 10. 10 + 2 = 12, 10 − 2 = 8. கடலுக்குப் போகும் வீட்டுப் பிள்ளைகள் இதைச் சட்டென்று பிடிப்பார்கள், நாம் சொல்லிக்கொடுக்க அதிகம் இருக்காது.

எக்ஸ் எப்போது?

நம் மாநிலப் பாடத்திட்டத்தில் ஆறாம் வகுப்பில் இயற்கணிதம் அறிமுகமாகிறது. தெரியாத இரண்டு எண்களுக்கு இரண்டு மாறி வைத்து "ஒருங்கமை நேரிய சமன்பாடுகள்" என்று போடுவது ஒன்பதாம் வகுப்பில். அதற்கு முன்னால் எக்ஸ், ஒய் என்று ஆரம்பித்தால் பிள்ளை எழுத்தை நகர்த்தக் கற்றுக்கொள்ளும், கூடை மறந்துபோகும். இது என் அபிப்பிராயம். ஐந்தாவதிலேயே எக்ஸ் சொல்லிக்கொடுக்கும் டியூஷன்களும் நடக்கத்தான் செய்கின்றன.

எக்ஸ் வரும்போது அதைக் கோட்டின் மேலேயே எழுதுங்கள். சிறிய கோடு எக்ஸ். பெரியது எக்ஸ் + 8. இரண்டும் சேர்ந்து 2 எக்ஸ் + 8 = 46. அப்பத்தா எடுத்து வைக்கச் சொன்ன எட்டை இங்கேயும் எடுத்து வைக்கிறோம்: 2 எக்ஸ் = 38, எக்ஸ் = 19. இப்படிப் போட்டால் ஒய் தேவையே இல்லை. பழங்காலத்தில் அலெக்சாண்ட்ரியாவில் இருந்த டயோஃபாண்டஸும் 100-ஐ 40 வித்தியாசம் வரும்படி இரண்டாகப் பிரிக்கும்போது இதையேதான் செய்தார்: சிறியது தெரியாத எண், பெரியது அதோடு 40. விடை 30, 70.

ஒன்பதாவதில் நீக்கல் முறை என்று ஒன்று வரும். இரண்டு சமன்பாட்டையும் கூட்டி ஒரு மாறியைக் காணாமல் போகச் செய்வது. வல்லத்தின் 12-ஐயும் 8-ஐயும் கூட்டிப் பாருங்கள், நீரோட்டம் அடிபட்டுப் போய் 20 வரும், அது இரண்டு வல்ல வேகம்.

போட்டுப் பார்க்க

ஒன்று. கிழக்குக் கடற்கரையில் மீன்பிடித் தடைக்காலம் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாள். அதில் ஒருவர் வலை சரிசெய்த நாட்கள், சும்மா இருந்த நாட்களைவிட 13 அதிகம். எத்தனை நாள் வலை வேலை? (37. சும்மா இருந்தது 24.)

இரண்டு. கரையில் 34 படகுகள். விசைப்படகுக்கு 5 பேர், வல்லத்துக்கு 3 பேர். மொத்தம் 126 பேர். விசைப்படகு எத்தனை? (12. வல்லம் 22.)

மூன்றாவது அந்தப் பெண் எனக்குப் போட்டது. "அப்பத்தாவுக்கும் எனக்கும் சேர்த்து 77 வயசு சார். அப்பத்தா வயசு என் வயசப் போல ஆறு மடங்கு. எனக்கு எத்தனை வயசுன்னு நோட்டப் பாக்காம சொல்லுங்க."